ஒரே கல்! இரண்டு புராணம்!

ஒரு தேசத்தில் சபிக்கப்பட்ட பாம்பாகவும், இன்னொரு தேசத்தில் சாட்சாத் மகாவிஷ்ணுவாகவும் வேஷம் போடும் கல் ஒன்று உண்டு. அதன் யோக்கியதையைச் சற்று விசாரிப்போம்.

இங்கிலாந்தில் யார்க்ஷயர் கடலோரத்தில் விட்பி என்று ஓர் ஊர். அங்குள்ள செங்குத்துப் பாறைகளில் பாம்பு சுருண்டதுபோன்ற கற்கள் அநேகம் கிடைக்கின்றன. 7-ஆம் நூற்றாண்டில் அவ்வூர் மடத்தின் தலைவியாயிருந்த ஹில்டா என்னும் அம்மாள், ஜெபம் செய்து பாம்புகளைக் கல்லாக்கினாள் என்பது அவ்வூர்ப் புராணம். சரி, பாம்பென்றால் தலை எங்கே? அதற்கும் ஒரு சாமியார் சாபமிட்டதாகக் கதை கட்டினார்கள். வியாபாரிகளோ அதைவிடக் கெட்டிக்காரர்கள். உளியை எடுத்துக் கல்லிலே தலையைச் செதுக்கி, "இதோ பாம்பு" என்று விற்றுக் காசாக்கினார்கள்! புராணங்களுக்கு அத்தாட்சி உண்டாகும் விதம் இதுதான்.

நிற்க, நம்மவர் சங்கதி என்ன? நேபாளத்துக் கண்டகி ஆற்றில் கிடைக்கும் சாளக்கிராமக் கல்லிலுள்ள சுருளை விஷ்ணு சக்கரம் என்கிறார்கள், அபிஷேகம் செய்கிறார்கள். பெண்களும் சூத்திரர்களும் அதைத் தொடலாகாது என்று விதித்த சாஸ்திரக்காரர்களும் உண்டு.

உண்மையில் இரண்டும் கணவாய்க்கு உறவான அம்மொனைட் என்ற கடற்பிராணியின் ஓடு. சேற்றில் புதைந்து கல்லாய்ச் சமைந்தது. விட்பிக் கல்லின் வயது சுமார் 18 கோடி ஆண்டு. சாளக்கிராமத்தின் வயது சுமார் 15 கோடி ஆண்டு. மலையிலே கடற்பிராணி எப்படி வந்தது? இமயமலை இருக்குமிடம் அன்று கடலடி. இந்திய நிலப்பகுதி வடக்கே நகர்ந்து ஆசியாவோடு மோதவே, கடலடி மலையாய் எழும்பிற்று.

இதைச் சொன்னது எந்த வேதம்? எந்த பைபிள்? சாயத்தொழிலுக்கான படிகாரத்துக்காக யார்க்ஷயர் கடலோரத்தில் பாறை வெட்டிய கூலிக்காரனின் கடப்பாறை, எந்த ரிஷிக்கும் தெரியாததை வெளியே கொண்டுவந்தது. 1848-இல் விட்பிக்கு அடுத்த கெட்டில்னெஸ் என்னுமிடத்தில் அப்படி வெட்டிய குழியிலிருந்து சுமார் 7 மீட்டர் நீளமுள்ள, அடியோடு அழிந்துபோன கடல்வாழ் ஊர்வனவொன்றின் எலும்புக்கூடு கிடைத்தது. அதற்கு எந்தப் பாதிரியும் மந்திரம் ஓதவில்லை.

பின்னால் விஞ்ஞானிகள் அம்மொனைட்டில் ஒரு வகைக்கு ஹில்டோசெராஸ் என்று அந்த அம்மாளின் பெயரையே வைத்தார்கள். பெயர் நின்றது, அற்புதம் போயிற்று!

ஆகவே தோழர்களே, எந்தக் கல்லையும் கையில் எடுங்கள், புரட்டிப் பாருங்கள், உடைத்தும் பாருங்கள். "தொடாதே" என்பவன் எதற்குப் பயப்படுகிறான்? தொட்டால் கல் உண்மையைச் சொல்லிவிடும் என்றுதானே!