ஆட வைப்பதும் பெரிய கலைதான்

பிளாக் ஐட் பீஸ் குழுவின் பேச்சை எடுத்தாலே ராப் ரசிகர்களில் ஒரு சாரார் முகம் சுளிப்பார்கள். தொடக்கத்தில் கருத்துச் சொன்னவர்கள், பிறகு காசுக்காகக் குத்துப்பாட்டுக்குப் போய்விட்டார்கள் என்பது அவர்கள் மேல் இருக்கும் பழைய புகார். அதில் பாதிகூட உண்மையில்லை.

குழுவைத் தொடங்கிய வில் ஐ ஆமும் ஆப்பிள் டி ஆப்பும் லாஸ் ஏஞ்சலிஸில் பள்ளி வயதிலேயே சேர்ந்து பிரேக் டான்ஸ் ஆடியவர்கள். ஆட்டம் அவர்களுக்கு இடையில் வந்த ஆசை அல்ல, தொடங்கிய இடமே அதுதான். 1992-இல் 'ஆட்பன் கிளான்' என்ற பெயரில் அவர்களை ஒப்பந்தம் செய்தவர், கேங்ஸ்டா ராப்பின் முன்னோடியான ஈஸி ஈ. துப்பாக்கியும் தெருச்சண்டையும் விற்ற காலத்தில் அமைதி பேசிய அவர்களுடைய ஆல்பம் வெளிவரவே இல்லை. 1995-இல் ஈஸி ஈ எய்ட்ஸ் நோயால் இறந்தார். டபூ என்ற ராப்பரைச் சேர்த்துக்கொண்டு, பிளாக் ஐட் பீஸ் என்ற புதுப் பெயருடன் மறுபடி முதல்படியில் நின்றார்கள். 1998-இலும் 2000-த்திலும் வந்த இரண்டு ஆல்பங்களுக்கு நல்ல பெயர் கிடைத்தது. விற்பனைதான் பெரிதாக இல்லை.

பாடகி ஃபெர்கி சேர்ந்த பிறகு, 2003-இல் வந்த 'எலிஃபங்க்' எல்லாவற்றையும் மாற்றியது. புகார் சொல்பவர்கள் மறந்துவிடும் ஆல்பமும் இதுதான். ஆட்டம் போட வைக்கும் பாட்டுகளுக்கு நடுவே, செப்டம்பர் 11 தாக்குதலுக்குப் பின் வெறுப்பு பரவிய உலகைப் பார்த்து எழுதிய 'வேர் இஸ் தி லவ்' இருக்கிறது. அந்த ஆண்டு பிரிட்டனில் அதிகம் விற்ற சிங்கிள் அதுவே. பிலிப்பைன்ஸில் பிறந்து, 14 வயதில் தத்துப்பிள்ளையாக அமெரிக்கா வந்த ஆப்பிள், தன் ஊர் நினைவைத் தகலாக் மொழியில் கலந்து பாடியதும் இதே ஆல்பத்தில்தான்.

நமக்கும் இதில் ஒரு பங்கு உண்டு. ரஜினிகாந்தின் நூறாவது படமான 'ஸ்ரீ ராகவேந்திரர்' (1985) படத்துக்கு இளையராஜா போட்ட 'உனக்கும் எனக்கும்' பாடலின் இசைத்துண்டுதான் இவர்களுடைய 'தி எலிஃபங்க் தீம்' பாட்டில் ஒலிக்கிறது. 2005-இல் கல்யாண்ஜி-ஆனந்த்ஜியின் எழுபதுகளின் இந்திப் பாடல்களை எடுத்துப் பின்னிய 'டோன்ட் ஃபங்க் வித் மை ஹார்ட்' கிராமி விருதே வாங்கியது. உலகின் எந்த மூலையில் தாளம் பிறந்தாலும் அதை மேடைக்குக் கொண்டுவந்து ஆட வைத்த காதுகள் அவை. இதை மலிவு என்பது அநியாயம்.

குறை சொல்ல வேண்டிய இடம் வேறு. 2009-இல் 'பூம் பூம் பௌ' 12 வாரம், அதை இறக்கிவிட்டு 'ஐ காட்டா ஃபீலிங்' 14 வாரம் என, பில்போர்ட் பட்டியலின் முதலிடத்தைத் தொடர்ந்து 26 வாரம் இவர்களே வைத்திருந்தார்கள். அசுர சாதனைதான். ஆனால் அந்தக் காலத்துப் பாட்டுகளில் குரலைச் சுருதி திருத்தும் ஆட்டோ-டியூன் மென்பொருள் விழுங்கிவிட்டது. வாத்தியக்காரர்களோடு ஊர் ஊராக மேடை ஏறிய குழுவின் உயிர்ச்சூடு காணாமல் போனது. கொண்டாட்டத்தைப் பாடியதால் அவர்கள் தேயவில்லை. கொண்டாட்டத்துக்குள் ஊரையும் மனிதரையும் வைப்பதை விட்டதால்தான் தேய்ந்தார்கள்.

இந்தக் குழுவை எடைபோட விரும்புகிறவர்கள் 2009-இலிருந்து தொடங்க வேண்டாம். 'எலிஃபங்க்' ஆல்பத்தை முதல் பாட்டிலிருந்து கடைசிவரை ஒருமுறை கேட்டுவிட்டுத் தீர்ப்புச் சொல்லட்டும்.