தீர்ப்பு கையில் இருக்கிறது, பணம் எங்கே இருக்கிறது?

வணிக ஒப்பந்தங்களில் எழும் பணத் தகராறுகளை நீதிமன்றத்துக்கு வெளியே விரைந்து தீர்ப்பதே நடுவர் தீர்ப்பு முறையின் நோக்கம் என்பதைச் சட்ட வகுப்பின் முதல் நாளிலேயே படித்துவிடுகிறோம். நடுவர் தீர்ப்பு கிடைத்த பிறகு என்ன நிகழ்கிறது என்பதைத்தான் போதிய அளவு விவாதிப்பதில்லை. என் பார்வையில், இம்முறையின் உண்மையான சோதனை தீர்ப்பு எழுதப்பட்ட மறுநாள்தான் தொடங்குகிறது.

1996ஆம் ஆண்டின் நடுவர் தீர்ப்பு மற்றும் சமரசச் சட்டத்தின் 34ஆம் பிரிவு, தீர்ப்பை நீக்கக் கோரும் வழியை வகுக்கிறது. இது மேல்முறையீடு அன்று. சான்றுகளை மறுமதிப்பீடு செய்ய நீதிமன்றத்துக்கு இடமில்லை. விண்ணப்பிக்க மூன்று மாதமும், தக்க காரணம் காட்டினால் மேலும் முப்பது நாளும் உண்டு. அதற்கு மேல் ஒரு நாளும் இல்லை. சட்ட ஏட்டில் இது குறுகிய வாசல்.

ஆனால் அந்த வாசலின் அகலம் நிலையாக இருந்ததில்லை. 2003இல் எண்ணெய் மற்றும் இயற்கை எரிவாயுக் கழகம் தொடர்புடைய சா பைப்ஸ் வழக்கில், ‘பொதுக் கொள்கை’ என்ற சொல்லுக்குள் வெளிப்படையான சட்டமீறலையும் உச்ச நீதிமன்றம் சேர்த்தது. 2014இல் அது மேலும் விரிந்தது. 2015 திருத்தமும் 2019ஆம் ஆண்டின் சாங்யோங் தீர்ப்பும் அதை மீண்டும் சுருக்கின. நமது ஆய்வுக் கட்டுரைகளிற் பெரும்பாலானவை இந்த விரிவையும் சுருக்கத்தையும் சுற்றியே எழுதப்படுகின்றன. அது தேவையான விவாதமே. எனினும், கடன்பட்டவர் எப்போதும் வெற்றியை நாடியே வழக்குத் தொடுப்பதில்லை. பல நேரங்களில் அவர் நாடுவது காலத்தை. தோற்றாலும் அவருக்குக் காலம் கிடைத்துவிடுகிறது.

ஓர் எடுத்துக்காட்டைக் கற்பனை செய்வோம். ராஜ்கோட்டில் உள்ள சிறிய வார்ப்படத் தொழிற்கூடம் ஒன்றுக்கு 40 லட்சம் ரூபாய் தரவேண்டும் எனத் தீர்ப்பாகிறது. வாங்கிய நிறுவனம் அதை எதிர்த்து நீதிமன்றம் செல்கிறது. அப்பெரிய நிறுவனத்துக்கு இத்தொகை கணக்கேட்டில் ஒரு வரி. தொழிற்கூடத்துக்கோ அது மூலப்பொருள், கூலி, வங்கித் தவணை ஆகிய மூன்றும் ஆகும். ஒரே காத்திருப்பு இருவருக்கும் ஒரே விலையில் கிடைப்பதில்லை.

இந்த ஏற்றத்தாழ்வைச் சட்டம் அறியாமலில்லை. 2015 திருத்தத்துக்கு முன், 34ஆம் பிரிவின் கீழ் மனுத் தாக்கல் செய்ததுமே தீர்ப்பின் நிறைவேற்றம் தானாக நின்றுவிடும். இப்போது தடை வேண்டுமெனில் தனியே விண்ணப்பிக்க வேண்டும். நீதிமன்றம் வைப்புத்தொகை கோரலாம். 2019இல் 87ஆம் பிரிவைச் செருகி, பழைய தானியங்கித் தடையை ஒரு பகுதி வழக்குகளில் மீட்க நாடாளுமன்றம் முயன்றது. அதே ஆண்டு நவம்பரில் இந்துஸ்தான் கட்டுமான நிறுவனம் தொடுத்த வழக்கில் உச்ச நீதிமன்றம் அப்பிரிவை நீக்கியது. தனக்கு வரவேண்டிய பணம் வழக்கில் முடங்கியிருக்க, தான் தரவேண்டிய பணத்துக்காகத் திவால் நடவடிக்கையை எதிர்கொள்ளும் ஒப்பந்தக்காரரின் நிலையை அத்தீர்ப்பு கருத்திற் கொண்டது.

2006ஆம் ஆண்டின் குறு, சிறு, நடுத்தரத் தொழில்கள் மேம்பாட்டுச் சட்டம் இன்னும் ஒரு படி மேலே செல்கிறது. அதன் 19ஆம் பிரிவின்படி, தீர்ப்பை எதிர்க்கும் வாங்குநர் தொகையில் 75 விழுக்காட்டை முதலில் செலுத்த வேண்டும். நமது எடுத்துக்காட்டில் அது 30 லட்சம். அதிலிருந்து நியாயமான ஒரு பங்கை, வழக்கு நிலுவையில் இருக்கும்போதே வழங்குநருக்குத் தர நீதிமன்றம் உத்தரவிட வேண்டும் என்றும் அப்பிரிவு கூறுகிறது. என் கருத்தில் இச்சட்டத்தின் உயிர் இந்த இரண்டாம் பாதியில்தான் உள்ளது. நீதிமன்றக் கணக்கில் உறங்கும் பணம் வாங்குநரை உறுத்தலாம். தொழிற்கூடத்தின் உலையை எரிக்காது.

எதிர்வாதத்தையும் நேர்மையாக எடைபோட வேண்டும். நடுவர்களும் தவறுவர். தில்லி மெட்ரோ விமான நிலையப் பாதை வழக்கில் 2017இல் வழங்கப்பட்ட தீர்ப்பை உச்ச நீதிமன்றமே 2021இல் உறுதிசெய்தது. பின்னர் 2024 ஏப்ரலில், குறைதீர் மனுவின் மீது அதே நீதிமன்றம் அந்த முடிவை மாற்றியது. செலுத்தப்பட்ட தொகையைத் திருப்பித் தரவும் உத்தரவிட்டது. பொதுப் பணம் சம்பந்தப்பட்ட இடத்தில் எதிர்க்கும் உரிமையே வேண்டாம் என்று எவரும் கூறமுடியாது. நானும் கூறவில்லை. உரிமை இருக்கட்டும், காத்திருப்பின் சுமையை யார் தாங்குவது என்பதே என் கேள்வி.

இந்த நோக்கில், 2025 ஏப்ரல் 30 அன்று ஐவர் அமர்வு பெரும்பான்மையாக வழங்கிய தீர்ப்பு சற்றுக் கவலை தருகிறது. நடுவர் தீர்ப்பை வரம்புக்குட்பட்டுத் திருத்தும் அதிகாரம் நீதிமன்றங்களுக்கு உண்டு என்றது அது. சிறு பிழைக்காக முழுத் தீர்ப்பையும் தூக்கியெறிய வேண்டியதில்லை என்பது நன்மையே. ஆனால் திருத்தக்கூடியவற்றுள் தீர்ப்புக்குப் பிந்தைய வட்டியும் அடங்கும். தாமதத்துக்கு இருக்கும் ஒரே விலை அந்த வட்டிதான். அதுவும் குறையக்கூடும் என்ற நம்பிக்கை, இழுத்தடிப்பவருக்குப் புதியதொரு காரணமாகிவிடக் கூடாது.

அரசு நிறுவனங்களின் உளவியல் தனி. பணத்தைக் கொடுத்த அதிகாரியிடம் தணிக்கை கேள்வி கேட்கும். மேல்முறையீடு செய்தவரிடம் கேட்காது. 2024 ஜூனில் நிதியமைச்சகம், அரசுக் கொள்முதல் ஒப்பந்தங்களில் நடுவர் தீர்ப்பு முறையைப் பொதுவாக 10 கோடி ரூபாய்க்கு உட்பட்ட தகராறுகளுக்குள் நிறுத்துமாறு வழிகாட்டியது. மூட்டைப்பூச்சிக்குப் பயந்து வீட்டைக் கொளுத்திய கதை இது.

வேண்டுவன மூன்று. பணத் தீர்ப்புகள் அனைத்திலும் கணிசமான வைப்புத்தொகை பொது விதியாக வேண்டும். அதிலிருந்து சிறு வழங்குநர்களுக்கு, வங்கி உத்தரவாதம் கேட்டு வதைக்காமல், ஒரு பகுதி உடனே விடுவிக்கப்பட வேண்டும். 34ஆம் பிரிவு மனுக்களை ஓராண்டுக்குள் முடிக்கச் சொல்லும் விதி மீறப்படும்போது, அதற்கான காரணம் எழுத்தில் பதிவாக வேண்டும். அரசு நிறுவனம் எதிர்த்து வழக்குத் தொடுக்க எடுக்கும் முடிவுக்கும் காரணம் எழுதப்பட வேண்டும். நேர்மையாகப் பணம் கொடுத்த அதிகாரிக்குப் பாதுகாப்பு வேண்டும்.

ஆய்வு மாணவர்களுக்கு ஒரு வேண்டுகோள். அடுத்த முறை 34ஆம் பிரிவுத் தீர்ப்பொன்றை வாசிக்கும்போது, நீதிமன்றம் என்ன சொன்னது என்பதோடு நிறுத்திவிடாதீர்கள். நடுவர் தீர்ப்பின் தேதியையும் நீதிமன்றத் தீர்ப்பின் தேதியையும் அருகருகே எழுதிப் பாருங்கள். அந்த இடைவெளியில் பணம் யாரிடம் இருந்தது என்று கேளுங்கள்.