கூகிளை எடுத்தால் போன் செங்கல்லா?

"கூகிளை எடுத்துட்டா ஆண்ட்ராய்டு போன் வெறும் செங்கல்" என்று நம் பசங்க பலர் அடித்துச் சொல்கிறார்கள். தப்பு மக்களே! ஆண்ட்ராய்டின் அடிப்படை மூலநிரல் திறந்தது. பிளே ஸ்டோர், மேப்ஸ், ஜிமெயில் எல்லாம் அதன் மேல் ஏற்றிய மூட்டை. ஸ்டோர் வேண்டுமென்றால் மொத்த மூட்டையும் ஏற்று என்று போன் கம்பெனிகளைக் கட்டாயப்படுத்தியது உள்ளிட்ட காரணங்களுக்காக, இந்தியப் போட்டி ஆணையம் 2022 அக்டோபரில் கூகிளுக்கு 1,337.76 கோடி ரூபாய் அபராதம் போட்டது. 2023 மார்ச்சில் மேல்முறையீட்டுத் தீர்ப்பாயமும் அபராதத்தை உறுதி செய்தது.

சரி, மூட்டையை இறக்கினால்? லீனியேஜ் ஓ.எஸ். போட்டு, எஃப்-டிராய்டு நிறுவுங்கள். தமிழ்99-இல் தட்ட இண்டிக் கீபோர்டு. பாட்டு, படத்துக்கு வி.எல்.சி. வழி பார்க்க ஆர்கானிக் மேப்ஸ்; இணையம் இல்லாமலும் ஓடும். படூரில் ஏதாவது சந்து விடுபட்டிருந்தால் ஓப்பன்ஸ்ட்ரீட்மேப்பில் நாமே வரைந்துவிடலாம். யாரையும் கெஞ்ச வேண்டாம்.

உதைப்பது எங்கே தெரியுமா? டீக்கடை க்யூ.ஆர். அட்டை முன்னால்! பல பணச் செயலிகள் "இந்த போனை நம்பலாமா?" என்று கூகிளிடமே கேட்கின்றன. பிளே இன்டெக்ரிட்டி என்று பெயர். எல்லாம் பாதுகாப்புக்காம். ஆனால் வருடக்கணக்கில் புதுப்பிப்பே பார்க்காத பழைய போன், கம்பெனி கொடுத்தபடியே இருந்தால் பல செயலிகளில் தேறிவிடுகிறது. இந்த மாதத் திருத்தம் வரை போட்ட லீனியேஜ் போன் ஃபெயில்! இது என்ன பாதுகாப்பு?

*99# அடித்து 5,000 ரூபாய் வரை அனுப்பலாம்தான். பின்னால் நாலு பேர் நிற்கும்போது மெனு மெனுவாக அமுக்கிப் பாருங்கள், அருமை புரியும் :-)

ஆக, மாற்று மென்பொருள் இல்லை என்பது சும்மா. வழியை அடைப்பது, "பிளே ஸ்டோர்ல எடுத்துக்கோங்க" என்று கைகழுவும் வங்கிகள், அரசு அலுவலகங்கள், கல்லூரிகள். நம் காசை நாம் செலவழிக்க அமெரிக்கக் கம்பெனியின் நன்னடத்தைச் சான்றிதழ் எதற்கு?

நாம் கேட்க வேண்டியது மூன்றுதான். உலாவியில் வேலை செய்யும் தளம். நேரடியாக இறக்கிக்கொள்ளும் நிறுவல் கோப்பு. மக்கள் வரிப்பணத்தில் எழுதிய செயலி என்றால் அதன் மூலநிரல். முடியாதா? 2020 மே மாதம் ஆரோக்கிய சேது ஆண்ட்ராய்டு செயலியின் மூலநிரலை மத்திய அரசே கிட்ஹப்பில் வெளியிட்டது. வானம் ஒன்றும் இடிந்து விழவில்லை.

அடுத்த முறை "இந்த ஆப் கட்டாயம்" என்று சுற்றறிக்கை வந்தால், போனை எடுக்கும் முன் எழுந்து ஒரே ஒரு கேள்வி கேளுங்கள்: "வெப்சைட் எங்க சார்?"