கை பேசும் பாஷையும் குழந்தைப் புஸ்தகமும்

ஒவ்வொரு வருஷமும் செப்டம்பர் 23-ந் தேதி உலகெங்கும் சைகை பாஷைகளின் தினமாகக் கொண்டாடப்படுகிறது. ஐக்கிய நாடுகள் சபையின் தீர்மானப்படி 2018-ம் வருஷம் முதல் இந்த வழக்கம் நடந்து வருகிறது. நம் நாட்டிலும் அன்று கூட்டங்கள் கூடுகின்றன, பிரமுகர்கள் பேசுகிறார்கள், மேடையின் ஓரத்தில் ஒருவர் நின்று அப்பேச்சைக் கைகளால் பெயர்த்துச் சொல்கிறார். மறுநாள் எல்லாம் மறந்து போகிறது. இந்தத் தினம் எந்த நோக்கத்துக்காக ஏற்பட்டதோ அந்த நோக்கம் நிறைவேற வேண்டுமானால், மேடையைக் காட்டிலும் ஆரம்பப் பாடசாலையின் புஸ்தக அலமாரியே அதற்குத் தகுந்த இடம் என்பது நமது அபிப்பிராயம். காது கேட்கும் குழந்தையும் கேளாத குழந்தையும் சேர்ந்து அமர்ந்து புரட்டிப் பார்த்து, கைகளால் பேசிப் பழகக்கூடிய நல்ல புஸ்தகங்கள் அந்த அலமாரியில் இருக்க வேண்டும். இது அற்ப விஷயமல்ல என்பதை விளக்குவதே நமது நோக்கம்.

2011-ம் வருஷத்து ஜனத்தொகைக் கணக்குப்படி, இந்தியாவில் செவித்திறன் குறைந்தவர்கள் 50 லட்சத்துக்கு மேற்பட்டவர்கள். செவிப்புலன் இன்றிப் பிறக்கும் குழந்தைகளில் பத்தில் ஒன்பதுக்கு மேல் காது கேட்கும் பெற்றோருக்கே பிறக்கின்றன. இந்த ஒரு விஷயத்தில்தான் துயரம் முழுவதும் அடங்கியிருக்கிறது. மற்றக் குழந்தைகள் தாய்ப்பாலுடன் பாஷையையும் பருகுகின்றன. எவரும் சொல்லிக் கொடுக்காமலே மூன்று வயதில் வீட்டையே பேச்சால் நிரப்புகின்றன. காது கேளாத குழந்தையோ, தன்னைச் சுற்றி உதடுகள் அசைவதைப் பார்க்கிறது. சிரிப்பையும் கோபத்தையும் காண்கிறது. அவற்றின் காரணம் அதற்கு விளங்குவதில்லை. சொந்த வீட்டிலேயே அது விருந்தாளியாக வளர்கிறது. இதற்கு 'ஊமை' என்று நாம் பெயரும் இட்டுவிட்டோம். உண்மையில் அக்குழந்தைக்கு வாய் இருக்கிறது, அறிவு இருக்கிறது, கைகள் இருக்கின்றன. நாம் அதற்குக் கொடுக்கத் தவறியது ஒரு பாஷையையே. பாஷையைப் பற்றிக்கொள்ளும் சக்தி மனிதனுக்கு முதல் சில வருஷங்களில்தான் மிகுதி. அந்தப் பருவத்தை வீணாக்கிவிட்டுப் பின்னர் எத்தனை பாடசாலை வைத்தாலும் இழந்ததை முழுவதும் மீட்க முடியாது.

கல்வி தாய் பாஷையில்தான் அமைய வேண்டும் என்று தேசீயவாதிகள் எத்தனை காலம் போராடினார்கள் என்பதை நேயர்கள் அறிவார்கள். அந்நிய பாஷையில் பாடம் கேட்கும் பிள்ளை வார்த்தையை நெட்டுருப் பண்ணுகிறானேயன்றிப் பொருளை உணர்வதில்லை என்பதே அப்போராட்டத்தின் அடிப்படை வாதம். வகுப்பில் தாய் பாஷையில் பேசிய குற்றத்துக்காகப் பிள்ளைகளுக்கு அபராதம் விதித்த பள்ளிகளை நாம் கண்டித்தோம். ஆனால் காது கேளாத குழந்தையின் விஷயத்தில் உலகம் செய்தது இதனினும் கொடுமையானது.

1880-ம் வருஷம் இத்தாலி தேசத்து மிலான் நகரில், செவிடர் கல்வி பற்றி ஆலோசிக்க ஒரு சர்வதேச மகாநாடு கூடிற்று. வந்திருந்த பிரதிநிதிகளில் மிகப் பெரும்பாலோர் காது கேட்பவர்கள். அவர்கள் கூடி, சைகையைவிட வாய்ப்பேச்சே உயர்ந்தது என்றும், பள்ளிகளில் வாய்ப்பேச்சு முறையையே கைக்கொள்ள வேண்டும் என்றும் தீர்மானம் செய்தார்கள். அதன் பலனாகத் தேசந்தோறும் பள்ளிகளிலிருந்து சைகை வெளியேற்றப்பட்டது. காது கேளாத உபாத்தியாயர்கள் வேலை இழந்தார்கள். கையசைத்த பிள்ளைகளின் கைகளில் அடி விழுந்தது. எவருடைய பாஷை பற்றி விசாரணை நடந்ததோ அவர்களைக் கேளாமலே தீர்ப்புக் கூறப்பட்டது. வாதியின் தரப்பைக் கேட்காமல் அளித்த தீர்ப்பு எந்த நியாய ஸ்தலத்திலும் நில்லாது. இந்தத் தீர்ப்போ நூற்றுமுப்பது வருஷம் நின்றது. 2010-ம் வருஷத்தில் கானடா தேசத்து வான்கூவரில் கூடிய அதே மகாநாடுதான் மிலான் தீர்மானங்களை நிராகரித்து வருத்தமும் தெரிவித்தது. இதற்கிடையில் எத்தனை தலைமுறை வீணாயிற்று!

சைகை வெறும் அபிநயம், அது ஒரு பாஷையாகாது என்பதே மிலானில் வென்ற எண்ணம். அமெரிக்காவில் காலடெட் கலாசாலையில் இங்கிலீஷ் ஆசிரியராக இருந்த வில்லியம் ஸ்டோக்கி என்பவர் 1960-ம் வருஷத்தில் இந்த எண்ணத்தைத் தகர்த்தார். எழுத்துக்கள் சேர்ந்து சொல்லாவதுபோல, கையின் வடிவம், அது நிற்கும் இடம், அதன் அசைவு ஆகியவை சேர்ந்தே ஒரு சைகை உருவாகிறது என்பதை அவர் ஆராய்ந்து காட்டினார். முகபாவமும் புருவ அசைவும்கூட இப்பாஷைகளில் இலக்கணத்தின் அங்கங்களே. நமது இந்திய சைகை பாஷைக்கும் தனி இலக்கணம் உண்டு. இங்கிலீஷில் 'என்ன', 'எங்கே' என்ற வினாச்சொற்கள் வாக்கியத்தின் முதலில் வரும். இந்திய சைகை பாஷையில் அவை கடைசியில் வருகின்றன. 'உன் பெயர் என்ன?' என்று கேட்கும் தமிழனுக்கு இந்த ஒழுங்கு வேற்று ஒழுங்காகத் தோன்றாது. வட நாட்டுக்கும் தென்னாட்டுக்கும் சைகைச் சொற்களில் வேறுபாடு உண்டாயினும் இலக்கணம் பெரும்பாலும் ஒன்றேயாகும். மாகாணச் சண்டைக்கு இடமில்லாமல் தேசம் முழுவதிலும் வளர்ந்துள்ள பாஷை இது.

சட்டத்தைப் பொறுத்தவரை நாம் பின்தங்கியிருப்பதாகச் சொல்ல முடியாது. 2016-ம் வருஷத்து மாற்றுத் திறனாளிகள் உரிமைச் சட்டத்தின் 16-வது பிரிவு, காது கேளாதோருக்கு மிகவும் பொருத்தமான பாஷையிலும் முறையிலும் கல்வி புகட்டப்பட வேண்டும் என்று விதிக்கிறது. சைகை பாஷையில் தேர்ந்த ஆசிரியர்களைப் பயிற்றி நியமிக்க வேண்டும் என்பது 17-வது பிரிவு. 2015-ம் வருஷத்தில் டில்லியில் இந்திய சைகை பாஷை ஆராய்ச்சிப் பயிற்சி நிலையம் ஸ்தாபிக்கப்பட்டது. 2018-ம் வருஷத்தில் 3,000 சொற்களுடன் அது வெளியிட்ட அகராதி, 2021-ம் வருஷத்தில் 10,000 சொற்களாக வளர்ந்தது. 2020-ம் வருஷத்தில், 1 முதல் 12 வரையுள்ள வகுப்புகளின் மத்திய பாட புஸ்தகங்களைச் சைகை பாஷையில் படமெடுப்பதற்கு அந்நிலையத்துக்கும் தேசீயக் கல்வி ஆராய்ச்சிப் பயிற்சிக் கவுன்ஸிலுக்கும் ஒப்பந்தம் ஏற்பட்டது. 2024-ம் வருஷம் டிசம்பரில் இப்பாஷைக்கென்றே கல்வித் தொலைக்காட்சி ஒன்றும் தொடங்கப்பட்டது. இவை யாவும் பாராட்டத்தக்கவை.

ஆனால் பாட புஸ்தகம் வேறு, கதைப் புஸ்தகம் வேறு. பரீட்சைக்காகப் படிக்கும் பாஷை உள்ளத்தில் வேரூன்றுவதில்லை. விளையாடிச் சிரித்துக் கதை கேட்ட பாஷையே வேரூன்றுகிறது. மேலும், காது கேளாத குழந்தை ஒன்று சைகை பாஷையை நன்றாகவே கற்றுக்கொண்டதாக வைத்துக்கொள்வோம். அது யாருடன் பேசும்? தாய்க்குத் தெரியாது, அண்டை வீட்டுப் பிள்ளைக்குத் தெரியாது, கடைக்காரருக்குத் தெரியாது. பேச ஆளில்லாத பாஷையைக் கொடுப்பது, செல்லாத நாணயத்தைக் கையில் கொடுப்பதற்கு ஒப்பாகும். ஆகையால் சைகை பாஷைக் கல்வியில் பாதி, காது கேட்பவர்களுக்கு அளிக்கப்பட வேண்டியதே.

இது நடவாத காரியம் என்பவர்கள் அமெரிக்காவின் கிழக்குக் கரைக்கு அப்பால் உள்ள மார்த்தாஸ் வினியார்ட் என்னும் தீவின் சரித்திரத்தைப் படிக்க வேண்டும். பரம்பரைக் காரணத்தால் அங்கே செவிப்புலன் இல்லாதவர்கள் அதிகமாகப் பிறந்தார்கள். 19-ம் நூற்றாண்டில் சில்மார்க் என்னும் ஊரில் சுமார் இருபத்தைந்து பேருக்கு ஒருவர் அப்படி இருந்தார். அவ்வூரார் என்ன செய்தார்கள்? எல்லோரும் சைகையில் பேசினார்கள். மீன்பிடிப்பவர்கள் படகுக்குப் படகு சைகையில் பேசிக்கொண்டார்கள். காது கேட்பவர்களுங்கூடத் தங்களுக்குள் அதைப் பயன்படுத்தினார்கள். காது கேளாமை அங்கே ஒரு குறையாகவே கருதப்படவில்லை. நோரா எலன் குரோஸ் என்ற ஆராய்ச்சியாளர் முதியவர்களை விசாரித்து இவற்றையெல்லாம் 1985-ம் வருஷத்தில் நூலாக வெளியிட்டார். செவிப்புலன் இல்லாதவனை ஊமையாக்குவது அவனுடைய செவியல்ல, அவனுடைய அயலாரே என்பதற்கு இதைவிடச் சாட்சியம் வேண்டியதில்லை.

அந்தத் தீவின் கதை இப்போது குழந்தைகளுக்கும் கிடைத்திருக்கிறது. தாமே காது கேளாதவரான ஆன் கிளேர் லெசாட் என்ற அம்மையார், அத்தீவில் 1805-ம் வருஷத்தில் வாழ்ந்த ஒரு சிறுமியைக் கற்பித்து எழுதிய 'ஷோ மீ எ ஸைன்' என்னும் நாவல் 2020-ம் வருஷத்தில் வெளிவந்தது. அதற்கு முன்னரே, 2014-ம் வருஷத்தில், ஸீஸீ பெல் என்ற அம்மையார் 'எல் டெஃபோ' என்னும் சித்திரக் கதையை வெளியிட்டிருந்தார். நான்கு வயதில் மூளைக்காய்ச்சலால் செவிப்புலனை இழந்த தம் கதையை, முயல்களைப் பாத்திரங்களாக்கி அவர் வரைந்திருக்கிறார். பேச்சு காதில் விழாத இடங்களில், வார்த்தைகள் இருக்கவேண்டிய குமிழிகளை வெறுமையாகவே விட்டிருக்கிறார். காது கேளாமை என்பது என்ன என்று பத்து பிரசங்கங்களில் சொல்ல முடியாததை அந்த வெற்றுக் குமிழி ஒன்று எட்டு வயதுக் குழந்தைக்கு உணர்த்திவிடுகிறது. சிறு வயதில் சைகை கற்க அவர் விரும்பாததையும் அப்புஸ்தகம் மறைப்பதில்லை. காது கேளாதோர் எல்லோரும் ஒரே அச்சில் வார்த்தவர்கள் அல்லர் என்ற உண்மையையும் குழந்தைகள் அறிய வேண்டுமல்லவா?

தமிழிலும் இத்தகைய புஸ்தகங்கள் ஏராளமாக வர வேண்டும். ஆனால் அவற்றை வெளியிட முன்வருவோர் சில விஷயங்களில் ஜாக்கிரதையாக இருக்க வேண்டும். அமெரிக்கப் புஸ்தகத்தை வாங்கி, படங்களை அப்படியே அச்சிட்டு, கீழே தமிழ் எழுதிவிட்டால் போதும் என்று நினைப்பது பெரும் பிழை. சைகை பாஷை உலகெங்கும் ஒன்றல்ல. இங்கிலாந்தும் அமெரிக்காவும் ஒரே இங்கிலீஷைப் பேசினாலும் ஒரு நாட்டுச் சைகை மற்ற நாட்டாருக்கு விளங்காது. 1817-ம் வருஷத்தில் அமெரிக்காவின் ஹார்ட்ஃபோர்டில் பள்ளி தொடங்கியபோது, பிரான்ஸிலிருந்து வந்த லோரான் கிளேர் என்ற காது கேளாத ஆசிரியரே அங்கே கற்பித்தார். ஆகவே அமெரிக்கச் சைகை பிரெஞ்சுச் சைகைக்கு உறவானது. இங்கிலீஷ் எழுத்துக்களைக் காட்ட அவர்கள் ஒரு கையை உபயோகிக்கிறார்கள். நம் நாட்டு முறையில் இரண்டு கைகள் வேண்டும். அமெரிக்கப் படத்தைப் பார்த்துக் கற்ற பிள்ளை, பக்கத்துத் தெருவில் உள்ள காது கேளாத பிள்ளையுடன் பேச முயன்று ஏமாற்றமடைவான்.

விரலால் எழுத்துக் காட்டுவதையே சைகை பாஷை என்று எண்ணி, அகரவரிசை அட்டை ஒன்றை அச்சிட்டுத் திருப்தியடைவதும் பிழையே. அது பெயர்களைச் சொல்ல உதவும், பாஷையாகாது. பசி, விளையாட்டு, கோபம், பயம் ஆகியவற்றைச் சொல்லவும், 'என்னுடன் வருகிறாயா?' என்று கேட்கவும் குழந்தைக்குத் தெரிய வேண்டும். அச்சிட்ட படம் அசையாதாகையால் அசைவைக் குறிக்கும் அம்புக்குறிகள் தெளிவாக இருக்க வேண்டும். முகபாவத்தையும் பிழையின்றி வரைய வேண்டும். கைபேசியில் அசையும் படமாகப் பார்க்கவும் வசதி செய்ய வேண்டும். எல்லாவற்றுக்கும் மேலாக, காது கேளாதவர்களே இப்புஸ்தகங்களை எழுதவும் திருத்தவும் அமர்த்தப்பட வேண்டும். மிலானில் செய்த அநியாயத்தை நாம் திரும்பவும் செய்யலாகாது. பரிதாபத்துக்குரிய பிராணியாகவோ, அற்புதச் சிறுவனாகவோ காது கேளாத பிள்ளையைச் சித்திரிக்கவும் வேண்டாம். குறும்பும் பிடிவாதமும் புத்தியும் உள்ள சாதாரணப் பிள்ளையாக அவன் கதையில் நடமாடட்டும். 2023-ம் வருஷத்தில் சுப்ரீம் கோர்ட்டில் காது கேளாத பெண் வக்கீல் ஒருவர் மொழிபெயர்ப்பாளர் துணையுடன் ஆஜரானார். பாஷையும் துணையும் கிடைத்தால் அவர்கள் எவருடைய இரக்கத்தையும் வேண்டுவதில்லை.

இதற்கு ஆட்சேபங்கள் கிளம்பலாம். காதுக்குள் கருவி பொருத்தும் சிகிச்சை இருக்கும்போது சைகை எதற்கு என்று சிலர் கேட்பார்கள். அந்தச் சிகிச்சை பல குழந்தைகளுக்கு நன்மை செய்திருப்பதை நாம் மறுக்கவில்லை. ஆனால் அது எல்லோருக்கும் ஏற்றதன்று. பயனும் ஒரே அளவாக இருப்பதில்லை. கருவியைப் பொருத்திய பிறகும் நீண்ட காலப் பயிற்சி வேண்டும். அதுவரை குழந்தையின் அறிவு பட்டினி கிடக்க வேண்டுமா? சைகை கற்றால் பேச்சு வராது என்பது மிலான் காலத்துப் பயமேயன்றி வேறல்ல. இரண்டு பாஷை பேசும் பிள்ளைகள் நம் நாட்டில் தெருவுக்குத் தெரு உண்டு. ஒன்று மற்றொன்றை அழிப்பதை நாம் கண்டதில்லை. செலவைப் பற்றிய ஆட்சேபத்துக்குப் பதிலே தேவையில்லை. ஆண்டுதோறும் வாங்கும் புஸ்தகங்களுடன் இவற்றையும் சேர்த்து வாங்க எந்தப் பாடசாலையின் பொக்கிஷமும் காலியாகிவிடாது.

சர்க்கார் செய்ய வேண்டியது தெளிவு. டில்லி நிலையத்தின் அகராதியை ஆதாரமாகக் கொண்டு, தென்னாட்டு வழக்கையும் ஒப்பிட்டு, குழந்தைகளுக்கான கதைப் புஸ்தகங்களைத் தயாரித்து ஒவ்வோர் ஆரம்பப் பாடசாலைக்கும் வழங்க வேண்டும். பிரசுரகர்த்தர்கள் சர்க்காருக்காகக் காத்திராமல் இந்த வேலையை மேற்கொள்ளலாம். உபாத்தியாயர்கள் வாரத்தில் ஒரு மணி நேரத்தை இதற்கு ஒதுக்கலாம். காது கேளாத குழந்தை வகுப்பில் இல்லாவிட்டாலும் ஒதுக்கலாம். ஏனெனில் நாளை அவர்களுடைய மாணவர்களே வைத்தியராகவும், கண்டக்டராகவும், நீதிபதியாகவும், ஒருவேளை காது கேளாத குழந்தையின் தாய் தந்தையராகவும் ஆகப்போகிறவர்கள். பெற்றோர்களுக்கு நாம் சொல்வது ஒன்றே: உங்கள் குழந்தை கையை நீட்டிப் பேச முயலும்போது அந்தக் கையைப் பிடித்து அடக்காதீர்கள், அதற்குப் பதில் சொல்லக் கற்றுக்கொள்ளுங்கள்.

தாய் பாஷையின் உரிமைக்காக வாதாடிய தமிழ் மக்கள், கைகளையே நாவாகக் கொண்ட தங்கள் குழந்தைகளுக்கு அதே உரிமையை மறுக்க மாட்டார்கள் என்று திடமாக நம்புகிறோம்.