ஊரில் கிடக்கும் மூன்று சென்ட் நிலம்

பிழைப்பை நாடிப் பிற மாநிலங்களிற் குடியேறிய நம்மவரிற் பலருக்குச் சொந்த ஊரில் ஏதேனும் ஒரு துண்டு நிலம் உண்டு. பாட்டனார் விட்டுச் சென்ற மனையோ, இடிந்த வீட்டின் கொல்லையோ, எதுவாயினும் மூன்று நான்கு சென்ட்டுக்கு மேற்படாது. ஒரு சென்ட் 435.6 சதுர அடி; மூன்று சென்ட் 1,300 சதுர அடிக்குச் சற்றே அதிகம். இத்துணைச் சிறிய இடத்தைப் பற்றிய வழக்கு, உடன்பிறந்தாரை ஆண்டுக் கணக்கில் பேச்சற்றவராக்கி விடுகிறது. ஆதலின் இத்திங்கள் அதனைச் சற்று ஆராய்வோம்.

வழக்கின் வித்து பெரும்பாலும் அசட்டையே. தந்தையார் காலத்தில் வாய்மொழியாகப் பாகம் பிரித்திருப்பர். ஊரோடிருந்த தமையனார் வரி செலுத்தி வந்திருப்பார். பட்டாவும் அவர் பெயருக்கு மாறியிருக்கும். அவர் காலமான பின், "பட்டா எங்கள் பெயரில் உள்ளது, சிற்றப்பா" என்று மக்கள் கூறுவர். "என் பாகம் எங்கே, தம்பி?" என்று இவர் வினவுவார். இரு திறத்தாரும் உண்மையையே பேசுவதாக எண்ணுவர்.

பட்டா என்பது வருவாய்த்துறையின் பதிவு. வரி செலுத்துவோர் யார் என்று காட்டுவது. அதுவொன்றே உரிமை மூலம் ஆகாதென உச்சநீதிமன்றம் பன்முறை தெளிவுறுத்தியுள்ளது. உரிமையை நிலைநாட்டுபவை கிரயப் பத்திரம், பாகப்பிரிவினைப் பத்திரம், உயில் போன்றவை. வில்லங்கச் சான்றும் பதிவான பத்திரங்களை மட்டுமே காட்டும். பதியாத உடன்படிக்கை அதில் தோன்றாது.

அடுத்து, "பன்னிரண்டு ஆண்டு அனுபவித்தால் நிலம் சொந்தம்" என்னும் பேச்சு ஊர்தோறும் வழங்குகிறது. 1963ஆம் ஆண்டின் காலவரம்புச் சட்டம் அத்தகைய கால எல்லையை வகுத்திருப்பது மெய்யே. ஆனால் வெறும் குடியிருப்பு போதாது. உரியவரின் உரிமையை மறுத்து, வெளிப்படையாக, இடையறாது அனுபவித்திருத்தல் வேண்டும். அனுமதியின் பேரில் குடியிருந்தவருக்கு அது பொருந்தாது. கூட்டுச் சொத்தில் ஒரு பங்காளியின் அனுபவம் ஏனைய பங்காளிகளின் அனுபவமாகவே கருதப்படும். அவர்களது உரிமையை மறுத்து அதை அவர்கள் அறியச் செய்தாலன்றிக் காலம் ஓடத் தொடங்காது. ஆகவே தமையனார் வீட்டில் விளக்கெரிகிறதென்பதனால் தம்பியின் பாகம் அழிந்துவிடுவதில்லை. எனினும், மறுத்தது தெரிந்தபின்னும் வாளாவிருப்பது பெருந்தீங்கு.

உடன்பிறந்த சகோதரிகளையும் மறத்தலாகாது. மூதாதையர் சொத்தில் மகளுக்கு மகனோடொத்த பிறப்புரிமையை 2005ஆம் ஆண்டின் திருத்தச் சட்டம் அளித்தது. அச்சட்டம் வந்தபோது தந்தை உயிரோடிருந்திருக்க வேண்டியதில்லையென 2020இல் உச்சநீதிமன்றம் தீர்ப்பளித்தது. அவர்களை விலக்கிவிட்டுத் தமையன்மார் மட்டும் இன்று செய்துகொள்ளும் பிரிவினை பின்னொரு நாள் மற்றொரு வழக்குக்கு அடிகோலும்.

அயலூர்வாசிகளாகிய நமக்கு இடர்ப்பாடு மிகுவது இனித்தான். நிலம் எவ்வூரிலோ அவ்வூர் நீதிமன்றத்திலேயே தாவா தொடர வேண்டுமென்பது உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் விதி. பம்பாயிலோ தில்லியிலோ வழக்கிட இயலாது. ஊரிலுள்ள உறவினருக்கு அதிகாரப் பத்திரம் எழுதித் தரலாம். அவர் நமக்காக மனுத் தாக்கல் செய்யலாம். ஆனால் நாம் மட்டுமே நேரில் அறிந்த செய்திகளுக்கு நமக்குப் பதிலாக அவர் கூண்டேறிச் சாட்சி கூறுதல் செல்லாதென 2004இல் உச்சநீதிமன்றம் கூறிற்று. எனவே வாய்தாவுக்காக நெடுந்தொலைவு ரயிலேற வேண்டியவர் நாமே. ஒருமுறை செல்வதற்கு நான்கு நாள் விடுப்பு. சென்றபின் வழக்கு ஒத்திவைப்பு.

நாமறிந்த ஒரு குடும்பத்தில், கொல்லைச் சுவர் ஒன்றைப் பற்றி இரு சகோதரர் வழக்காடினர். வயது முதிர்ந்த அன்னையார் மூத்தவரோடு இருந்தமையால், இளையவர் ஊருக்கு வருங்காலெல்லாம் விடுதியில் தங்கி நீதிமன்றம் சென்று திரும்புவார். அன்னையாரை அவர் அடுத்துக் கண்டது அவ்வம்மையாரின் ஈமச் சடங்கன்று. அதன்பின் இருவரும் மக்கள் நீதிமன்றத்தில் அமர்ந்து ஒரே பிற்பகலில் உடன்பட்டனர். சுவர் இருந்த இடத்திலேயே இன்றும் இருக்கிறது.

மக்கள் நீதிமன்றம் 1987ஆம் ஆண்டின் சட்டப்பணிகள் ஆணையச் சட்டத்தின் வழி அமைவது. அங்கு எழுதப்படும் உடன்பாடு நீதிமன்ற டிக்ரிக்கு ஒப்பானது. அதன்மேல் அப்பீல் இல்லை. செலுத்திய கோர்ட்டுக் கட்டணமும் திரும்பக் கிடைக்கும். வழக்குத் தொடுக்கு முன்னரே அதனை நாடவும் வழியுண்டு.

அன்பர்கள் அடுத்த விடுமுறையில் ஊர் செல்லுங்கால், மூலப் பத்திரங்களை ஒருமுறை எடுத்துப் பார்ப்பீர்களாக. சர்வே எண்ணும் நான்கெல்லையும் பத்திரத்திலும் பட்டாவிலும் ஒத்திருக்கின்றனவா என்று நோக்குக. வாய்மொழிப் பிரிவினையாயின், பெரியவர்கள் இருக்கும்போதே, சகோதரிகளையும் உடன்வைத்து, எழுதிப் பதிவு செய்க. பதிவுக் கட்டணம் சிறிது கசக்கலாம். ஆயினும் நம் பிள்ளைகள் தம் பெரியப்பா பிள்ளைகளைக் கோர்ட்டு வாயிலில் எதிரிகளாகச் சந்திக்கும் நிலையைவிட அது மிகச் சிறிய செலவே.