பெரியப்பாவின் பாய்



லெம்பா பெர்த்தாமில் சில நாள்களில் மாலை நாலு மணிக்கே பனி இறங்கிவிடும். அப்படியொரு நாளில் என் மகள் கைப்பேசியில் ஒரு பழைய படம் போட்டுக் காட்டினாள். 1989-இல் வந்த ‘சந்தியா ராகம்’. எடுத்தவர் பாலு மகேந்திரா. மட்டக்களப்பில் பிறந்து தமிழகத்தில் பேர் வாங்கியவர், 2014-இல் காலமானார். பாட்டு இல்லை, அடிதடி இல்லை. பத்து நிமிடத்தில் தூங்கிவிடுவேன் என்றுதான் நினைத்தேன்.

மனைவியை இழந்த கிராமத்துக் கிழவர், சென்னையில் உறவுப் பிள்ளையின் வீட்டுக்கு வருகிறார். அளவான சம்பளம், சின்ன வீடு. மருமகள் பிள்ளைத்தாய்ச்சி, ஒரு சிறுமியும் உண்டு. இவர்களில் யாரும் கெட்டவர் இல்லை. இடந்தான் போதவில்லை, பணந்தான் போதவில்லை. கிழவராகச் சொக்கலிங்க பாகவதர்; ‘வீடு’ படத்தில் அர்ச்சனாவுக்குத் தாத்தாவாக வந்தாரே, அவரேதான். இதிலும் அர்ச்சனாதான் மருமகள். கடைசியில் கிழவர் முதியோர் இல்லத்துக்குப் போய்ச் சேருகிறார்.

எனக்குத் தூக்கம் வரவில்லை.

தோட்டத்தில் வேலை நின்றால் லயத்து வீட்டையும் விட வேண்டும் என்பது உங்களுக்குத் தெரியாததா? அப்படித்தான் என் பெரியப்பா ஒரு தகரப் பெட்டியோடு எங்கள் வீட்டுக்கு வந்தார். இராத்திரி முழுக்க இருமுவார். என் மனைவி ஒரு வார்த்தை சொன்னதில்லை. தேத்தண்ணி மங்கை வைக்கும்போது மட்டும் சத்தம் கொஞ்சம் கூடுதலாகக் கேட்கும். அவருக்கும் கேட்டிருக்கும். நாளாக நாளாக எல்லாரும் சாப்பிட்ட பிறகே சாப்பிட உட்கார்ந்தார். நாங்கள் விழிக்குமுன் பாயைச் சுருட்டிக் கதவுக்குப் பின்னால் வைத்துவிடுவார். பிள்ளைகளுக்கு வாய்ப்பாடு சொல்லித் தரும் எனக்கு இந்தக் கணக்குப் புரியவில்லை. சண்டை இல்லாத வீடு என்று பெருமைப்பட்டுக்கொண்டிருந்தேன்.

ஒருநாள், “தம்பி, ஈப்போவுல மக வீட்டுக்குப் போறேன்,” என்றார். பெட்டியை நானே தூக்கிப்போய் பஸ் ஏற்றினேன். பஸ் வளைவில் மறைந்தபோது எனக்கு வந்தது நிம்மதி. இதை இன்றுவரை யாரிடமும் சொன்னதில்லை.

படம் முடிந்தது. மனைவி குசினிக்குள் போய் வெகுநேரம் நின்றாள். பிறகு அங்கிருந்தே குரல் கொடுத்தாள்:

“மாமாவுக்கு ஒரு போன் போடுங்க. அந்தப் பாயி இன்னும் இருக்குன்னு சொல்லுங்க.”