சிரித்தோம், மறந்தோம்

விழுப்புரத்திலும் திண்டிவனத்திலும் சினிமாப் பேச்சு எடுத்தால் நாம் விடிய விடியப் பேசுவோம். சிவாஜி கணேசன் பெயருக்கு முன்னால் நிற்கும் ‘வி’ விழுப்புரம்தான் என்று பெருமைப்படுவோம். மௌனப்பட காலத்தைப் பற்றிக் கேட்டால் மட்டும் நம்மிடம் பதில் இல்லை.

திருச்சியில் ரயில்வே ஊழியராக இருந்த சாமிக்கண்ணு வின்சென்ட் 1905-ல் ஒரு பிரெஞ்சுக்காரரின் புரொஜெக்டரை வாங்கிக்கொண்டு, கூடாரத்தோடு ஊர் ஊராகப் போனார். காட்டியவை சில நிமிடங்களே ஓடும் துண்டுப் படங்கள். இங்கிலாந்தில் அப்படிப்பட்ட குட்டிச் சிரிப்புப் படங்கள் நிறைய வந்தன. ஜேம்ஸ் வில்லியம்சனின் 1901-ஆம் ஆண்டுப் படத்தில் ஒருவன் கேமராவையும் கேமராக்காரரையும் சேர்த்தே விழுங்கிவிடுவான். அது இன்றும் பார்க்கக் கிடைக்கிறது. ஆனால் ஸ்டூவர்ட் ஸ்மித் என்ற ஆங்கிலேயரிடம் தொழில் கற்று, நடராஜ முதலியார் சென்னையில் எடுத்த ‘கீசக வதம்’ கிடைக்கவில்லை. தென்னிந்தியாவின் முதல் மௌனக் கதைப்படம் அது.

யாரையும் குறை சொல்வதற்கில்லை. டாக்கி வந்ததும் நாம்தான் மௌனப்படத்தைப் பழசு என்று ஒதுக்கினோம். சிரிப்புப் படத்தை யாராவது சேர்த்துவைப்பார்களா என்று நினைத்தோம். கொட்டகைகள் கல்யாண மண்டபமானபோது வண்டி நிறுத்த இடம் இருக்கிறதா என்று கேட்டோம். உள்ளே கிடந்த பிலிம் பெட்டி, நோட்டீஸ், பாட்டுப் புத்தகம் எங்கே போயின என்று கேட்கவில்லை. எடைக்குப் போட்டால் இடம் மிச்சம் என்று இருந்துவிட்டோம்.

தென்னகத்தில் எடுத்த மௌனப்படங்கள் நூற்றுக்கும் மேல். நாகர்கோவில் சுந்தர்ராஜ் தயாரித்த ‘மார்த்தாண்ட வர்மா’ மட்டும் தப்பியது. அதுவும் நாம் காத்ததால் அல்ல. பதிப்புரிமை வழக்கில் சிக்கியதால். வழக்குப் போட்ட புத்தகக் கடையில் கிடந்த பிரதி 1974-ல் புனே திரைப்பட ஆவணக் காப்பகத்துக்குப் போனது.

ஆங்கிலேயரும் தொலைத்தவர்களே. ஹெப்வொர்த் என்ற படநிறுவனம் 1924-ல் நொடித்தபோது அதன் நெகட்டிவ்களை உருக்கிவிட்டார்கள். ஆனால் 1994-ல் பிளாக்பர்ன் ஊரில் ஒரு பழைய கடையின் நிலவறையில் வேறு பழைய படங்களின் 800-க்கும் மேற்பட்ட நெகட்டிவ் சுருள்கள் கிடைத்தபோது, உள்ளூர்க்காரர் ஒருவர் அருமை தெரிந்து காப்பாற்றினார்.

நம் ஊர்களிலும் பழைய ஆபரேட்டர்கள் இருக்கிறார்கள். பரண்மேல் பெட்டிகள் இருக்கின்றன. அவர்களை உட்காரவைத்துக் கேட்டுப் பதிவு செய்வோம். கிடைக்கும் நோட்டீஸையும் பாட்டுப் புத்தகத்தையும் சென்னை ரோஜா முத்தையா நூலகம் போன்ற இடத்தில் சேர்ப்போம். மௌனப்படம் திரும்பக் கிடைக்காமல் போகலாம். பேசும் படத்தின் காலமாவது அதே வழியில் போகாமல் பார்த்துக்கொள்வது நம் கையில் இருக்கிறது.